ஒட்டுத் துணியும் ஊர்க் கதையும்

(சேலத்தில் நிகழ்ந்த அறக்கட்டளைச் சொற்பொழிவின் அச்சு வடிவம்)



இலக்கியத்திற்கென்று ஏற்பட்ட ஒரு மேடையில் பழஞ்சேலையையும் ஒட்டுத் துணியையும் பற்றிப் பேசுவது தகுமோ என்று, தலைப்பை அறிவித்த நாள் முதலாக நண்பர்கள் சிலர் என்னை வினவி வருகின்றனர். தகும் என்பதே என் எண்ணம். அம்மாப்பேட்டையிலும் குகையிலும் பொன்னம்மாப்பேட்டையிலும் பொழுது விடிவதே தறியோசையில் என்றிருந்த இந்நகரத்தில், துணியைப் பற்றிய விசாரத்துக்கு இலக்கிய மேடையில் இடமில்லை என்றால், வேறு எந்த ஊரில் இருக்கப் போகிறது? ஆயினும் நான் தொடங்கப் போவது சேலத்தில் அன்று. கடல் கடந்த ஒரு தேசத்தில், மரத்தை வெட்டி வீடு கட்டி, புல்வெளியை உழுது பயிர் செய்து, ஊர் விட்டு ஊர் குடிபெயர்ந்துகொண்டே இருந்த ஓர் ஏழைக் குடும்பத்தின் வீட்டுக்குள் முதலில் உங்களை அழைத்துச் செல்ல விரும்புகிறேன்.

லாரா இங்கல்ஸ் வைல்டர் என்னும் அம்மையார் 1867-ஆம் ஆண்டில் அமெரிக்காவின் விஸ்கான்சின் மாநிலத்துக் காட்டோரம் ஒன்றில் பிறந்தவர். இளமையில் தாம் கண்டதையும் உண்டதையும் உடுத்ததையும் நெஞ்சில் தேக்கி வைத்திருந்து, அறுபத்தைந்தாம் பிராயத்தில், அதாவது 1932-இல், அவற்றைச் சிறுவர் கதையாக வெளியிடத் தொடங்கி, 1943-க்குள் எட்டு நூல்களை முடித்து, தொண்ணூறு வயது நிறைந்து 1957-இல் காலமானார். அந்நூல்களில் வீரசாகசங்கள் இல்லாமல் இல்லை. ஆனால் அவற்றைப் படித்த குழந்தைகளின் மனத்தில் ஆழப் பதிந்தவை, வெண்ணெய் கடைவது, பன்றியிறைச்சியைப் புகையிலிட்டுப் பதப்படுத்துவது, ஒட்டுத் துணிகளைச் சேர்த்துப் போர்வை தைப்பது போன்ற வீட்டுக் காரியங்களே. மூத்தவள் மேரி பொறுமையோடு தைப்பாள். பிற்காலத்தில் கண்பார்வையை இழந்த பின்னும் அவள் ஊசியை விட்டாளில்லை. இளையவள் லாராவுக்கோ தையல் என்றாலே வேம்பு. இந்த இரண்டு சிறுமியருக்கும் இடையிலுள்ள சுபாவ பேதத்தை ஆசிரியை உபந்நியாசம் செய்து விளக்கவில்லை. அவர்கள் கையில் இருக்கும் துணியைக் காட்டியே விளக்கிவிடுகிறார்.

அத்துணியைச் சிறிது அருகில் வைத்துப் பார்ப்போம். மேரி தைப்பது ஒன்பது கட்டம் எனத்தக்க எளிய வகை. ஒரே அளவான ஒன்பது சதுரத் துண்டுகள். கறுத்தவை ஐந்து, வெளுத்தவை நான்கு. மும்மூன்றாக இணைத்து மூன்று வரிசையாக்கி, பிறகு அந்த வரிசைகளை ஒன்றன்கீழ் ஒன்றாகச் சேர்க்க வேண்டும். மூலைக்கு மூலை தையல் ஒன்றன்மேல் ஒன்று சரியாக வந்து பொருந்தினால் வேலை செம்மை. நூலிழை விலகினாலும் அடுத்த கட்டம் கோணும், அதற்கடுத்தது இன்னும் கோணும். ஆறேழு வயதுப் பெண்ணுக்கு ஊசியும் கணக்கும் ஒருங்கே கற்பிக்க இதைவிட நல்ல சாதனம் கிடைப்பது அரிது. லாராவுக்கு வாய்த்ததோ கரடித் தடம் என்னும் கடினமான வகை. கரடியின் கால் நகங்களைப் போல முக்கோணத் துண்டுகள் வரிசையாக வரவேண்டும். முக்கோணம் என்றால் ஒரு பக்கத்தையேனும் மூலைவாட்டில் வெட்டியாக வேண்டும். பாவின் வழியாகவோ ஊடையின் வழியாகவோ வெட்டிய துணி நின்ற நிலையில் நிற்கும். மூலைவாட்டில் வெட்டியது இழுத்த பக்கமெல்லாம் இழுபடும் என்பதை இந்த அவையில் இருக்கும் நெசவாளர்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. பொறுமை குறைந்த குழந்தையிடம் பொறுமையைச் சோதிக்கும் துணி வந்து சேர்ந்தது ஆசிரியையின் குறும்பு என்றே நான் கருதுகிறேன். பின்னர் அவள் மணம் செய்துகொண்டு புறப்படும்போது, சிறுமியாக இருக்கையில் தைத்த வேறொரு போர்வை, சாளரத்துப் புறா என்னும் பெயருடையது, அவளுடன் புது வீட்டுக்குப் போகிறது. எட்டு நூல்களின் ஊடாக ஒரு பெண்ணின் வளர்ச்சியைப் போர்வைகளைக் கொண்டே அளந்துவிடலாம்.

அப்போர்வைகளின் பெயர்களையும் கவனிக்க வேண்டும். கரடித் தடம், சாளரத்துப் புறா, பறக்கும் வாத்து, மரக்கட்டை வீடு என்று, வாசலைத் திறந்தால் கண்ணில் படுவன எல்லாம் துணியில் ஏறிவிடுகின்றன. மரக்கட்டை வீடு என்னும் வகையில் நடுவே சிவப்புச் சதுரம் ஒன்று இருக்கும்; அது அடுப்பு நெருப்பு; அதைச் சுற்றிலும் ஒருபுறம் வெளிறிய பட்டைகளும் மறுபுறம் கறுத்த பட்டைகளும் சுவரைப்போல் அடுக்கப்படும். இன்று அந்நாட்டுத் துணி வியாபாரத்தில், இக்கதைகளின் பெயராலேயே, அக்காலத்துச் சிறு பூ அச்சுகளை மறுபடி அச்சிட்டுத் தொகுதி தொகுதியாக விற்கிறார்கள். ஆண்டோவர் என்னும் நிறுவனம் அவ்விதம் வெளியிட்ட துணிகளை வாங்கி, லாரா தைத்தது போலவே தைத்துப் பார்க்கும் பாட்டிமாரும் பேத்திமாரும் அங்கே ஏராளம். தேவையினால் பிறந்த ஒட்டு வேலை, தேவை ஒழிந்த பிறகும் பிழைத்திருப்பது அக்கதைகளின் பலத்தினால்தான்.

இவ்விடத்தில் நம் கரையோரத்துக்கு ஒரு பங்குண்டு. அக்குடியேறிகள் உடுத்த சிறு பூப்போட்ட பருத்தித் துணிக்குக் காலிகோ என்று பெயர்; கோழிக்கோட்டுத் துறைமுகத்தின் பெயர் அது. அச்சிட்ட பருத்தித் துணியின்மீது ஐரோப்பியருக்கு மோகம் பிறந்ததே சோழமண்டலக் கரையிலிருந்தும் கூர்ச்சரத்திலிருந்தும் சென்ற சாயத் துணிகளால். அந்த மோகம் முற்றி, தங்கள் நாட்டுக் கம்பளி நெசவு நசிந்துவிடும் என்று அஞ்சி, 1700-இலும் 1721-இலும் இங்கிலாந்துப் பார்லிமெண்டு தடைச் சட்டங்களே இயற்ற வேண்டியதாயிற்று. பின்னர் இயந்திர ஆலைகள் அத்துணியைப் போலி செய்து உலகெங்கும் விற்றன. அவ்வாறு விற்றதின் ஒரு முழம்தான் லாராவின் தாய் வாங்கியது. நம்முடைய தறிக்காரன் வயிற்றில் அடித்த வியாபாரமே அந்தச் சிறுமியின் போர்வைக்குப் பூ கொடுத்தது என்று எண்ணும்போது, கதையின் இனிமையில் சிறிது கசப்பும் கலக்கத்தான் செய்கிறது.

நிற்க. நம் சமவெளிக்கு வருவோம். இங்கே ஒட்டுப் போர்வை ஒரு பெருங்கலையாக வளராததற்கு முதற் காரணம் வெயில். சங்ககிரிக்கும் இராசிபுரத்துக்கும் இடையில் சித்திரை மாதத்தில் படுத்தெழுந்தவர் எவரும் பஞ்சடைத்த போர்வைக்கு ஏங்கமாட்டார். ஏற்காட்டிலும் கொல்லிமலையிலும் குளிர் உண்டு. அங்கே கம்பளி போதும். நம் பகுதிக்குப் பெருமை தேடித் தந்த மேச்சேரி ஆட்டுக்கோ ரோமம் கட்டையானது. தோலுக்குப் பேர் போனது, கம்பளிக்கு உதவாது. ஆகவே இந்தச் சமவெளியின் துணி பருத்தியே. அதன் ஆயுள் நீளம். புதிதாக இருக்கும்போது சேலை, நைந்தபின் தூளி, தூளியும் நைந்தால் பிள்ளைத்துணி, அதன்பின் விளக்குத் திரி, கடைசியில் கரித்துணி. ஒட்டுப் போடும் கலை நம்மிடம் இல்லாமற் போகவில்லை. அது பெயர் பெறாமற் போயிற்று, அவ்வளவே.

நம்மைச் சுற்றியுள்ள நாடுகளைப் பாருங்கள். வங்கத்தில் பழஞ்சேலைகளை அடுக்கிக் காந்தா தைக்கிறார்கள், பீகாரில் சுஜனி, மராட்டியத்தில் கோதடி, கன்னடத்தில் கௌதி, ஆந்திரத்தில் பொந்த. வடகன்னடக் காட்டில் வாழும் சித்தி மக்களின் ஒட்டுப் போர்வைகள் இன்று அயல்நாட்டுக் கண்காட்சிகளுக்குப் போகின்றன. இவற்றுக்கெல்லாம் முந்தியது பௌத்த பிக்குகளின் சீவரம். மகத நாட்டு வயல்கள் வரப்பு வரப்பாகப் பிரிந்து கிடந்த அழகைப் புத்தர் ஆனந்தருக்குக் காட்டி, துறவிகளின் ஆடையை அதுபோல் அமைக்க முடியுமா என்று கேட்க, ஆனந்தர் துண்டு துண்டாகத் தைத்து அவ்விதமே அமைத்தார் என்று விநய நூல் கூறுகிறது. கண்ணெதிரே கிடக்கும் நிலத்தைத் துணியில் இறக்கும் எண்ணம் அமெரிக்கக் காட்டில் முளைத்ததன்று என்பதற்கு இதனினும் பழைய சாட்சி வேண்டுமோ?

நம் நெசவாளர் வீடுகளில் இன்றும் எஞ்சியிருக்கும் விரிப்பு ஒன்றை நினைத்துக்கொள்ளுங்கள். மேலே ஒரு நூல் சேலை, மஞ்சள் வெளுத்து மண்ணிறமாகியது, அடியில் மற்றொன்று, இடையில் இரண்டு பழைய வேட்டிகள், கிழிந்த இடங்கள் ஒன்றன்மேல் ஒன்று வராதபடி மாற்றி மாற்றி வைக்கப்பட்டவை. நாற்புறமும் கரைத் துணியைக் கிழித்து மடக்கித் தைத்திருக்கும். சேலையில் எப்போதும் கடைசியாக நைவது கரை என்பது தைத்தவளுக்குத் தெரியும். நடுவே விரற்கிடை விட்டு நேர்த் தையல் ஓடும். தலைமாட்டுப் பக்கம் சீக்கிரம் தேயும் என்று அங்கே மட்டும் சட்டைத் துணியில் ஒரு சதுரம். பிள்ளை பெற்று வந்த மகளுக்கென்று தைத்தது அது. இது எந்த வகையில் ஒன்பது கட்டத்துக்குக் குறைவு? சட்டைத் துணிச் சதுரத்துக்குப் பெயரில்லை. தைத்த விதத்துக்குப் பெயரில்லை. தைத்தவளைப் பற்றிக் கதை இல்லை. குறை அதுதான்.

இத்தனைக்கும் பெயரிடுவதில் நம் நெசவுத் தெருக்கள் ஏழைகள் அல்ல. ருத்திராட்சக் கரை, மயில்கண், தாழம்பூ, கோபுரக் கரை என்று கண்ணால் கண்டதையெல்லாம் கரையில் நெய்தவர்கள் நம் முன்னோர். சேலத்துக் குண்டஞ்சு வேட்டிக்கும் வெண்பட்டுக்கும் தனிக் கீர்த்தி உண்டு. வெண்பட்டு புவிசார் குறியீடும் பெற்றிருக்கிறது. காவிரிக்கு அக்கரையில் பவானி ஜமக்காளத்தின் அகன்ற வண்ணப் பட்டைகளைப் பார்ப்பவர்கள், அவை ஒரு நாட்டின் கொடியோ என்று மயங்குவார்கள். இக்கரையில் குமாரபாளையமும் பள்ளிபாளையமும் லுங்கிக் கட்டங்களால் வாழ்கின்றன. ஜலகண்டாபுரம் துண்டுக்கும், இளம்பிள்ளை சேலைக்கும் பெயர் போனவை. 1960 முதல் இந்நகரில் நடந்துவரும் இந்தியக் கைத்தறித் தொழில்நுட்ப நிறுவனத்தில் ஜக்கார்டு அட்டை குத்துவது முதல் சாயப் பரிசோதனை வரை கற்பிக்கிறார்கள். ஆனால் கடைத்தெருவில் போய்ச் சேலையின் பெயரைக் கேட்டுப் பாருங்கள்: சென்ற வருஷத்துச் சினிமாவின் பெயரையோ, இரவு எட்டு மணித் தொலைக்காட்சித் தொடரில் வரும் மருமகளின் பெயரையோ சொல்வார்கள். நான் இதைக் கேலியாகச் சொல்லவில்லை. கதையின் பெயர் ஒட்டிய துணி விலைபோகும் என்னும் சூட்சுமத்தை வியாபாரி அறிந்திருக்கிறான். எழுதுகிறவர்கள்தாம் இன்னும் அறிந்துகொள்ளவில்லை.

எழுதுகிறவர்கள் என்றால், இந்தச் சமவெளியில் நெசவுக்கும் எழுத்துக்கும் சம்பந்தம் ஏற்பட்ட ஓர் இடமும் உண்டு. திருச்செங்கோட்டுக்கு அருகே புதுப்பாளையத்தில் 1925-ஆம் ஆண்டில் ராஜாஜி நிறுவிய காந்தி ஆசிரமத்தில் கதர் நூற்பும் நெசவும் முதன்மைத் தொழில். மழை பொய்த்த கிராமங்களில் ராட்டையே கூழுக்கு வழி செய்தது. அவ்வாசிரமத்தில் ராஜாஜிக்கு உதவியாக இருந்தவர் கல்கி. 1929-இல் 'விமோசனம்' என்னும் பத்திரிகை அங்கிருந்து வெளிவந்தது. மதுவிலக்குக்காக அப்பத்திரிகை எழுதிய எழுத்து தமிழ்நாடெங்கும் பரவியது நியாயமே. ஆயினும், ராட்டை சுற்றிய ஒரு கிராமத்துச் சிறுமியின் ஒரு வருஷத்து வாழ்க்கை, அவள் நூற்ற நூல் கழியின் கனம், அதற்கு ஈடாகக் கிடைத்த காசு, அந்தக் காசில் வாங்கிய முதற் பாவாடை என்று ஒரு சிறுவர் நூல் அந்த மண்ணிலிருந்து பிறந்து, நம் பிள்ளைகள் கையில் இன்று வரை புரண்டுகொண்டிருந்தால் எப்படியிருக்கும் என்று நான் ஏங்குவதுண்டு.

இனிக் கதைக்கு எங்கே போவது என்று கேட்பீர்களானால், போக வேண்டிய இடம் உங்கள் ஊர்க் கோயில் திடலே. அண்ணன்மார் கதையை உடுக்கடித்துப் பல இரவுகள் பாடக் கேட்டவர்கள் இந்த அவையில் இருப்பீர்கள். காட்டை வெட்டிக் கழனியாக்கிய குடியானவர் வமிசம் ஒன்றின் மூன்று தலைமுறைக் கதை அது. குடியேற்றக் கதை என்று உலகம் எதைச் சொல்கிறதோ அதன் இலட்சணம் முழுவதும் அதில் இருக்கிறது. கவிஞர் சக்திக்கனல் 1971-இல் அண்ணன்மார் சுவாமி கதையைப் பதிப்பித்தார். பிரெண்டா பெக் என்னும் மானிடவியல் அறிஞர் 1965-இல் காங்கேயம் பக்கத்துக் கிராமமொன்றில் தங்கி, பாணர் பாடக் கேட்டு ஒலிநாடாவில் பதிவு செய்தார். பல்லாண்டுகளுக்குப் பின் அதையே இருபத்தாறு பகுதி அசைவுச் சித்திரமாகவும் சிறுவர் சித்திரக் கதையாகவும் ஆக்கினார். அவர் பதிவு செய்த கதையில், பார்வதி படைத்த ஒன்பது சகோதரர்களில் ஒருவராகிய கோளாத்தா சோழனிடம் காட்டு நிலம் பெற்றுத் திருத்துகிறார். குன்னுடையானும் தாமரையும் பிள்ளை வரம் வேண்டித் தவங்கிடக்கிறார்கள். பொன்னரும் சங்கரும் தங்கையின் ஆசைக்காகக் கிளி பிடிக்க வனம் புகுகிறார்கள். கொம்பன் என்னும் பன்றி விளைநிலத்தை உழக்குகிறது. கிளி, ஏர், பன்றியின் தந்தம், காட்டைத் திருத்திய கழனியின் வரப்பு: கரடித் தடத்துக்கு எவ்வகையில் குறைந்தவை இவை? ஒன்பது சகோதரருக்கு ஒன்பது கட்டம் என்று எவளோ ஒரு சிறுமி தைத்துவிட்டால், அக்கதையின் தொடக்கம் அவளுக்கு ஆயுளுக்கும் மறக்காது.

இங்கே ஓர் எச்சரிக்கையும் சொல்ல வேண்டும். லாராவின் குடும்பம் கான்சாஸில் வீடு கட்டிய நிலம் ஓசேஜ் என்னும் பழங்குடிகளுக்கு உரியது. 1935-இல் வந்த நூலில், அவ்விடத்தில் மனிதர்களே இல்லை, செவ்விந்தியர் மட்டுமே இருந்தனர் என்னும் கருத்துப்பட ஒரு வாக்கியம் இருந்தது. வாசகர் ஒருவர் சுட்டிக்காட்டிய பிறகே 1953-ஆம் ஆண்டுப் பதிப்பில் அது திருத்தப்பட்டது. 2018-இல் அந்நாட்டு நூலகச் சங்கத்தின் சிறுவர் பிரிவு, வைல்டர் பெயரால் வழங்கிவந்த விருதின் பெயரையே மாற்றிவிட்டது. நம் கதையிலும் உழவருக்கு எதிர்ப்பக்கத்தில் வேட்டுவர் நிற்கின்றனர். அவர்கள் வழி வந்தோர் இன்று நாமக்கல், ஈரோடு வட்டாரங்களில் மதிப்போடு வாழ்கின்றனர். காடு அழிந்ததை அவர்கள் நெஞ்சு வேறு விதமாகத்தான் நினைவுகூரும். கழனியை மட்டும் தைத்துக் காட்டை விட்டுவிடும் போர்வை அரைப் போர்வையே. அமெரிக்கர் எண்பது ஆண்டுகள் கழித்துத் திருத்திக்கொண்டதை நாம் ஊசியில் நூல் கோக்கும்போதே செய்துவிடலாம்.

அழிந்தது மீளுமா என்னும் ஐயத்துக்கு விடை தேடித் தொலைதூரம் போக வேண்டா. 1965 வரை சேலம் மாவட்டத்தோடு சேர்ந்திருந்த தருமபுரியில், மலைகள் சூழ்ந்த சித்தேரி, கல்வராயன் பக்கத்துச் சித்திலிங்கிப் பள்ளத்தாக்கில் லம்பாடி மக்கள் தலைமுறைகளாக வாழ்ந்து வருகிறார்கள். கண்ணாடித் துண்டும் வண்ண நூலும் பதித்த அவர்களுடைய தையல், நினைவில் வைத்திருந்த மூதாட்டியர் ஓரிருவரோடு முடிந்துவிடும் நிலைக்கு வந்திருந்தது. அங்கே மருத்துவத் தொண்டு செய்ய வந்த லலிதா ரெஜி என்னும் மருத்துவர் முன்னின்று ஊக்க, பெண்கள் அம்மூதாட்டியரிடம் கற்று, 'பொர்கை' என்னும் பெயரில் கூடி, இன்று சேலையும் குர்த்தாவும் தலையணை உறையும் தைத்து விற்கிறார்கள். நோய்க்கு மருந்து கொடுக்க வந்தவர் தையலையும் கவனித்தது அத்தையல் செய்த புண்ணியம். நல்ல ஆசிரியை ஒருத்தியும், கற்க விரும்பும் பத்துப் பெண்களும் இருந்தால் போதும் என்பதற்கு இது பிரத்தியட்சப் பிரமாணம்.

ஆகவே என் வேண்டுகோள்கள் மூன்றே. கல்லூரித் தமிழ்த் துறையினர், இளம்பிள்ளையிலும் இராசிபுரத்திலும் அறுபது வயது கடந்த நெசவாளர்களைக் கண்டு, கரைகளின் பெயர்களையும் அவை பிறந்த காரணங்களையும் கேட்டு எழுதி ஓர் அகராதியாக்க வேண்டும். சாயத் துண்டு ஒட்டாத அகராதி எனக்கு வேண்டா. சிறுவர்க்கு எழுதும் அன்பர்கள், அரண்மனையையும் அசுரனையும் சிறிது காலம் ஓய்வெடுக்கவிட்டு, குழித்தறிக்குப் பக்கத்தில் உட்கார்ந்து தார் சுற்றும் ஒரு பெண்ணின் கதையை எழுத வேண்டும். அவள் தார் சுற்றும் வேகமும், நூல் அறுந்தால் பிணைக்கும் முடிச்சும், கஞ்சி போட்ட பாவின் மணமும் அதில் வர வேண்டும். பள்ளிகளில் தையல் கற்பிக்கும் ஆசிரியைகள், குமாரபாளையத்திலும் ஈரோட்டுச் சந்தையிலும் எடைக்கு விற்கும் வெட்டுத் துண்டுகளில் ஒரு கிலோ வாங்கி, ஒன்பது கட்டத்தில் தொடங்கி, கிளிக்கும் ஏருக்கும் காட்டு மரத்துக்கும் பிள்ளைகளே உருவம் தேடும்படி விட்டுவிட வேண்டும். இச்சொற்பொழிவுக்கென அறக்கட்டளையார் எனக்கு அளிக்கும் சன்மானம், அத்தகைய வகுப்பை முதலில் தொடங்கும் பள்ளிக்குத் துண்டுத் துணி வாங்கப் போகட்டும் என்று இங்கேயே கொடுத்துவிடுகிறேன். விண்ணப்பங்களை இம்மாத இறுதிக்குள் அறக்கட்டளைச் செயலாளரிடம் சேர்ப்பிக்குமாறு ஆசிரியைகளைக் கேட்டுக்கொள்கிறேன்.